மிச்சமிருந்த பதினேழாம் அட்டை

அந்தப் பள்ளிக்கூடத்தில் ‘அட்டை டீச்சர்’ என்று கேட்டால் வாசல் காவல்காரர் முதல் நேற்றுச் சேர்ந்த பிள்ளை வரை கை நீட்டிக் காட்டிவிடுவார்கள். பெயரைச் சொல்லிக் கேட்டால்தான் யோசிப்பார்கள்.

“அட்டைன்னா சும்மாவா? ஒட்டிக்கிட்டா விடாதே!” என்று ஆசிரியர் அறையில் வரலாற்று சார் சொல்லிச் சிரிப்பார். அவருக்கு ஓய்வு பெற இன்னும் இரண்டு வருடம். அந்த இரண்டு வருடத்தையும் சிரித்தே தள்ளிவிடுவது என்று முடிவுகட்டியிருந்தார்.

அவள் ஏழாம் வகுப்பு ‘ஆ’ பிரிவுக்குக் கணக்கு டீச்சர், வகுப்பாசிரியையும் அவளேதான். கணவருக்குச் சட்டைத் தொழிற்கூடத்தில் துணி வெட்டும் வேலை. மடித்த சட்டைக்குள் வைக்கும் அட்டையில் மூலை மடங்கியதையெல்லாம் அவர் வீட்டுக்குக் கொண்டுவருவார். அவள் அதைச் சீட்டுக்கட்டு அளவுக்கு நறுக்கி, பின்பக்கம் சிவப்பு மையில் எண் போடுவாள். பிள்ளைக்கு ஒன்றாக நாற்பத்தொரு அட்டைகள். முன்பக்கம் பென்சிலால் ஒரே ஒரு கணக்கு. தினமும் சாயங்காலம் பழையதை அழித்துவிட்டுப் புதியது எழுதுவாள். பின்னத்தில் தடுக்கி விழுகிறவளுக்குப் பின்னம், தலைதெறிக்க ஓடுகிறவனுக்கு நடுவில் ஒரு பள்ளம். ஒருவருக்கு எழுதியது இன்னொருவருக்கு ஆகாது.

காலை எட்டு நாற்பதுக்கு வகுப்பு வாசலில் வந்து நிற்பாள். ஒவ்வொரு பிள்ளையாகக் கை நீட்டும். அட்டையைக் கையில் வைத்து, முகத்தை ஒரு நொடி பார்ப்பாள். அழுத முகம், வயிறு காய்ந்த முகம், கண்ணாடி உடைந்ததை மறைக்கும் முகம் எல்லாம் அந்த ஒரு நொடியில் தெரிந்துவிடும். கடைசிப் பிள்ளையும் உள்ளே போன பிறகு கையில் எத்தனை அட்டை மிச்சமோ, அத்தனை பேர் வரவில்லை. அவள் பெயர் கூப்பிட்டு வருகை எடுத்ததே கிடையாது. மிச்சமான அட்டைகள் பையின் முன்னறைக்குப் போகும். இடைவேளையில் அந்த வீடுகளுக்குப் போன் போகும்.

இந்தப் பழக்கத்துக்குப் பின்னால் ஒரு பழைய கதை இருந்தது. கணவரைத் தவிர அவள் அதை யாரிடமும் சொன்னதில்லை. பதினோரு வயதில் காய்ச்சல் வந்து ஒன்பது நாள் படுத்துவிட்டுப் பள்ளிக்குப் போனாள். “நேத்துக் கொடுத்த கணக்கு எங்கடி?” என்று ஆசிரியர் கேட்டார். நேற்று என்ன கணக்கு என்றே அவளுக்குத் தெரியாது. அடி வாங்கிக்கொண்டு மேசைப் பக்கம் நின்றபோது வருகைப் பதிவேடு திறந்து கிடந்தது. அவள் பெயருக்கு நேரே ஒன்பது நாளும் ‘வருகை’ என்றே இருந்தது. அந்த ஒன்பது நாளும் அவள் இல்லாதது அந்த அறையில் யாருக்கும் தெரிந்திருக்கவில்லை. அடி அன்றைக்கே மறந்துபோயிற்று. அந்த ஒன்பது பதிவுகள் மறக்கவில்லை. டீச்சரானால் இதை மட்டும் செய்யக்கூடாது என்று அன்றைக்கு நினைத்தாள். டீச்சரும் ஆனாள். பதினான்கு வருடம் செய்யவுமில்லை.

போன வருடத்திலிருந்து பள்ளி பல் விழுகிற வாய் மாதிரி ஆகிக்கொண்டிருந்தது. முதலில் அறிவியல் டீச்சர் ஒரு மருந்துக் கிடங்கு வேலைக்குப் போனாள். “பாடம் நடத்தவிட்டா இருந்திருப்பேன்க்கா. படிவம் நிரப்பத்தான் விடுறாங்க” என்று சொல்லிவிட்டுப் போனாள். பிறகு மொழிப்பாட சார் சொந்தமாக டியூஷன் வைத்துக்கொண்டு போய்விட்டார். மூன்றாவதாக ஒருத்தி பிரசவ விடுப்பில் போய் அப்படியே நின்றுவிட்டாள். போகிறவர்களை நடுவில் உட்காரவைத்து ஒரு படம் எடுப்பார்கள், கையில் ஒரு சுவர்க் கடிகாரம் கொடுப்பார்கள்.

“போறவங்களுக்குக் கடிகாரம். இருக்கிறவங்களுக்கு நேரமே இல்லை. நல்ல நியாயம்” என்பார் வரலாற்று சார்.

காலியான இடங்களுக்கு ஆள் வரவில்லை. அதற்குப் பதில் மஞ்சள் சீட்டு வந்தது. ஆசிரியர் இல்லாத வகுப்பை அன்று யார் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று எழுதிய துண்டுத் தாள் அது. காலை மணியடிக்கும் பணியாளரை எல்லோரும் மணியக்கா என்பார்கள். மணியை அடித்த கையோடு அவர்தான் சீட்டுகளை விநியோகிப்பார். அவர் தலை தெரிந்ததும் வரலாற்று சார் எழுந்து நின்று, “வந்தாச்சு மஞ்சக் கடுதாசி. இன்னிக்கு யாரு திவாலு?” என்பார்.

பெரும்பாலும் அட்டை டீச்சர்தான். அதில் ஒளிவுமறைவு ஒன்றும் இல்லை. ஒருத்தர் வகுப்பு அடங்காது, ஒருத்தருக்கு முட்டி வலி, ஒருத்தர் சீட்டை வாங்கிக்கொண்டு வகுப்புக்குப் போகாமல் நூலகத்தில் உட்கார்ந்துவிடுவார். இவள் போனால் அடுத்த வகுப்பும் சத்தமில்லாமல் இருக்கும். இழுக்கிற மாட்டுக்குத்தானே பாரம் ஏற்றுவார்கள்.

அந்த மாதம் ஒரு புது வழி வந்தது. முதல் பாடவேளையில் அவளுக்குத் தன் வகுப்பும் உண்டு, பக்கத்து ‘இ’ பிரிவும் உண்டு. இரண்டுக்கும் நடுவில் கதவு ஒன்று இருந்ததால், அதைத் திறந்து வைத்தால் ஒருத்தியே பார்த்துக்கொள்ளலாம் என்று தலைமையாசிரியை கண்டுபிடித்திருந்தார். மூன்று நாள் பார்த்துவிட்டு அவள் தலைமையாசிரியை அறைக்குப் போனாள்.

“மேடம், வேற எந்தப் பாடவேளை வேணும்னாலும் கொடுங்க. சாப்பாட்டு நேரத்துல கொடுத்தாலும் பார்த்துக்கிறேன். முதல் அரை மணி நேரம் மட்டும் என்னை என் வாசல்ல விட்டுடுங்க.”

தலைமையாசிரியை கெட்டவர் இல்லை. அவர் மேசையில் காலையில் ஆறிய தேநீர் மதியம் வரை அப்படியே இருக்கும். நெற்றியைத் தேய்த்துக்கொண்டே சொன்னார்: “உன்னை நம்பித்தானேம்மா கொடுக்கிறேன்? உன் வகுப்பு தானா நடக்கும். தானா நடக்காத வகுப்புக்கு நான் யாரை அனுப்புறது, சொல்லு?”

தானாக நடக்கவில்லை, தினமும் நடக்கவைக்கிறேன் என்று சொல்ல வாயெடுத்தாள். போன் அடித்தது. தலைமையாசிரியை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு, கண்ணாலேயே ‘போய்ட்டு வா’ என்றார்.

அந்தப் போன் எதற்கென்று எல்லோருக்கும் தெரியும். மேலிடத்தில் வருகைக்கென்று ஒரு செயலி கொடுத்திருந்தார்கள். ஒன்பது பத்துக்குள் ஒவ்வொரு வகுப்பின் வருகையும் ஏறிவிட வேண்டும். ஏறாத வகுப்பு மேலிடத்துத் திரையில் சிவப்பாகத் தெரியும், தெரிந்தால் தலைமையாசிரியைக்குப் போன் வரும். செயலியைத் திறந்தால் எல்லாப் பிள்ளைகளுக்கும் முன்னதாகவே ‘வருகை’ என்று குறி போட்டிருக்கும். வராத பிள்ளையின் குறியை எடுத்துவிட வேண்டும். எடுத்த பத்தாவது நிமிடம் அந்த வீட்டுக்குக் குறுஞ்செய்தி போய்விடும். நல்ல ஏற்பாடுதான், பார்க்கிறவருக்குப் பார்க்க நேரம் இருந்தால்.

முதல் பாடவேளைக்கான பதினோராவது மஞ்சள் சீட்டு வந்தது ஒரு புதன்கிழமை.

எட்டு நாற்பதுக்கு வாசலில் நின்றாள். ஆறு ஏழு பிள்ளைகளுக்கு அட்டை கொடுத்திருப்பாள், பக்கத்து வகுப்பில் பெஞ்சு விழும் சத்தம். பின்னாலேயே ஒரு அலறல். அவள் அட்டைக் கட்டை வகுப்புத் தலைவியின் கையில் திணித்தாள்.

“நீயே கொடுத்துடு. இதோ வந்துடுறேன்.”

‘இ’ பிரிவில் இரண்டு பேர் கட்டிப்புரண்டதில் ஒருவனுக்கு மூக்கு உடைந்து ரத்தம் சட்டையெல்லாம் வழிந்தது. அவனைச் சுவரோரம் உட்காரவைத்து, கைக்குட்டையை நனைத்து மூக்கைப் பிடித்தாள். மற்றவனின் காலரை இன்னொரு கை பிடித்திருந்தது. மீதிப் பேர் வேடிக்கை பார்க்க ஏறிய பெஞ்சுகளிலிருந்து இறங்கச்சொல்ல அவளுக்கு வாய் மட்டும்தான் மிச்சம். அந்த நேரத்தில் வகுப்புத் தலைவி நடுக்கதவில் வந்து நின்றாள்.

“டீச்சர், ஒரு அட்டை...”

“சரி சரி, மேசையில வை. போய் உட்காரு.”

மணியக்கா வெளியிலிருந்து எட்டிப் பார்த்தார். “டீச்சரம்மா, ஒன்பது எட்டு! உங்க ரெண்டு வகுப்பும் செவப்பாம். பெரிய மேடம் கத்துறாங்க.”

ரத்தம் படாத விரலால் போனைத் திறந்தாள். நாற்பத்தொரு பெயர், நாற்பத்தொரு குறி. நேற்று எல்லோரும் வந்திருந்தார்கள். முந்தா நாளும் வந்திருந்தார்கள். அனுப்பினாள். அடுத்த வகுப்பையும் அனுப்பினாள். இரண்டும் பச்சையாக மாறின. “அப்பாடா” என்றார் மணியக்கா.

முதல் பாடவேளை ‘இ’ பிரிவிலேயே கழிந்தது. இரண்டாம் பாடவேளைக்கு எட்டாம் வகுப்பு, மூன்றாவதற்கு இன்னொரு மஞ்சள் சீட்டு, நான்காவதில் விடைத்தாள். தன் வகுப்புக்கு அவள் திரும்பி வந்தபோது மணி பன்னிரண்டரை. பின்னாலேயே மணியக்கா ஒரு பெண்மணியைக் கூட்டிக்கொண்டு வந்தார். சலவைக்கூடத்தில் இஸ்திரி போடுகிறவர். கைகள் முழங்கை வரை சிவந்து உப்பியிருந்தன. சாப்பாட்டு நேரத்தில் ஓடிவந்திருந்தார், மூச்சு வாங்கியது.

“எங்க வீட்டுக் கழுதை கண்ணாடியை மறந்துட்டு வந்துட்டா டீச்சர். கரும்பலகை தெரியாம முழிச்சிக்கிட்டு இருப்பா. கொடுத்துட்டுப் போயிடுறேன்.”

கழுதை என்று அம்மா சொன்னது வகுப்பில் ‘தும்பி’ என்று எல்லோரும் கூப்பிடுகிற பெண்ணை. ஓரிடத்தில் நில்லாத பிள்ளை. பதினேழாம் எண்.

“தும்பி, அம்மா வந்திருக்காங்க பாரு” என்று சொல்லிக்கொண்டே டீச்சர் திரும்பினாள். மூன்றாவது வரிசையில் சன்னலோர இடம் காலியாக இருந்தது. கழிப்பறைக்குப் போயிருப்பாளோ என்று ஒரு நினைப்பு. அந்த நினைப்பு முடிவதற்குள் கண் மேசைக்குப் போயிற்று. கரும்பலகை துடைக்கும் துணிக்கு அடியில் ஒரு வெள்ளை மூலை நீட்டிக்கொண்டிருந்தது. எடுத்துத் திருப்பினாள். சிவப்பு மையில் பதினேழு.

“காலையிலேயே சொல்ல வந்தேன் டீச்சர்” என்று வகுப்புத் தலைவி அழத் தொடங்கினாள்.

அம்மா இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். “ஏன் டீச்சர்? வரலையா? எட்டேகாலுக்கே கிளம்பிட்டாளே?”

வரலாற்று சாரும் காவல்காரரும் தும்பி வரும் வழியே தேடிப் போனார்கள். பள்ளிக்கு இரண்டு தெரு முன்னால் ஒரு கட்டடம் எழும்பிக்கொண்டிருந்தது. அதன் பின்பக்கமாகப் போனால் ஐந்து நிமிடம் மிச்சம் என்று பிள்ளைகளுக்குத் தெரியும். சாக்கடைத் தொட்டிக்குத் தோண்டிய குழியின் மேல் போட்டிருந்த பலகை உடைந்து கிடந்தது. உள்ளே தும்பி கிடந்தாள். கால் முறுக்கிக்கொண்டு, மேலே ஒரு கல்லும் விழுந்திருந்தது. கத்தித்தான் பார்த்திருக்கிறாள். மேலே கலவை இயந்திரம் காலையிலிருந்து ஓடிக்கொண்டிருந்தது. தூக்கும்போது மணி ஒன்றைத் தாண்டிவிட்டது.

மறுநாள் மருத்துவமனையில் டாக்டர் சொன்னது, எலும்பு கூடிவிடும் என்று. பாதம் மட்டும் இனி மேல்நோக்கி மடங்காது. அவ்வளவு நேரம் நசுங்கி ரத்தம் போகாமல் கிடந்துவிட்டது, இரண்டு மணி நேரம் முன்னால் கொண்டுவந்திருந்தால் வேறு மாதிரி இருந்திருக்கும் என்றார். இதைச் சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார்.

தும்பியின் அம்மா நடைபாதை பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். டீச்சரைப் பார்த்ததும் எழுந்து இடம் விட்டார். அந்த மரியாதை அவளைக் கொன்றது.

“நான் ரெண்டு தடவை போனை எடுத்துப் பார்த்தேன் டீச்சர். ஏதோ மனசு ஒரு மாதிரியா இருந்துச்சு. மெசேஜ் ஒண்ணும் வரலை. சரி, ஸ்கூல்லதான் இருக்கா, அட்டை டீச்சர்கிட்டதான் இருக்கான்னு நிம்மதியா இஸ்திரி போட்டேன்.”

‘நான்தான்’ என்ற ஒரு சொல்லை டீச்சர் சொல்லவில்லை. பழம் வாங்கி வந்த பையைப் பெஞ்சில் வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டாள்.

வெள்ளிக்கிழமை தலைமையாசிரியை அறைக் கதவைச் சாத்திக்கொண்டு பேசினார். திங்களன்று விசாரணைக்கு அதிகாரி வருகிறார். மேசையில் தட்டச்சு செய்த ஒரு கடிதம் இருந்தது. அன்று காலை இணைப்புக் கோளாறு காரணமாக, திருத்தாத வருகைப் பட்டியல் தானாகப் பதிவேறிவிட்டது என்று அதில் எழுதியிருந்தது. கீழே கையெழுத்துக்கு இடம்.

“மேடம், தானா போகலை. நான்தான் அனுப்பினேன்.”

“எனக்குத் தெரியாதா? ஆனா நீ அப்படிச் சொன்னா என்ன ஆகும்னு யோசிச்சியா? உன் பேர்ல கரும்புள்ளி. நான் இன்னொரு நல்ல டீச்சரை இழக்கணும். அந்தப் பொண்ணு கால் அதனால சரியாகிடுமா?” குரலைத் தாழ்த்தினார். “இனி இந்த வருஷம் பூரா உனக்கு மஞ்சள் சீட்டு கிடையாது. வாசல்ல நின்னுக்கோ. நீ கேட்டதுதானே?”

கேட்டதுதான். இரண்டு வாரம் முன்னால் கேட்டபோது கிடைக்காதது, ஒரு பிள்ளையின் பாதம் போன பிறகு தட்டில் வைத்து வந்தது. அவள் கடிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டாள். “யோசிச்சுச் சொல்றேன் மேடம்.” பையின் முன்னறையில் பதினேழாம் அட்டை அப்படியே இருந்தது. எழுதிய கணக்கை அவள் அழிக்கவில்லை.

வீட்டில் கணவர் கடிதத்தை இரண்டு தடவை படித்தார்.

“ஒரு கையெழுத்துதானே? போட்டுட்டு வா. நீ வேணும்னா செஞ்ச?”

“அந்த ஒன்பது நாளைப் போட்டவரும் வேணும்னு செஞ்சிருக்க மாட்டாருங்க.”

அவர் கடிதத்தைத் திருப்பிக் கொடுத்தார். ஒன்பதாம் வகுப்பு படிக்கும் மகள் சாப்பாட்டு மேசையிலிருந்தபடியே சொன்னாள்: “அந்த வேலையை விட்டுடும்மா. நாற்பத்தொரு பேருக்குக் கணக்கு எழுதுற. எனக்கு ஒரு நாள் எழுதியிருக்கியா? நானும் உன் வகுப்புலயே பொறந்திருக்கணும்.” சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். யாரும் கூடச் சிரிக்கவில்லை.

வேலையை விடுவது அவளுக்குப் பெரிதாகத் தோன்றவில்லை. விட்டால் வேறு வேலை கிடைக்கும். அவள் பயம் வேறு. கையெழுத்துப் போட்டால் மறுநாள் வாசலில் நிற்கலாம், பிள்ளைகள் கை நீட்டும். ஆனால் தும்பி ஒருநாள் கட்டைகளை ஊன்றிக்கொண்டு வந்து கை நீட்டும்போது அந்த முகத்தைப் பார்க்க முடியாது. முகத்தைப் பார்க்காமல் அட்டை கொடுக்க அவளுக்குத் தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் மருத்துவமனைக்குப் போனாள். தும்பி தூங்கிக்கொண்டிருந்தாள். அம்மாவை நடைபாதைக்குக் கூப்பிட்டு, நின்றபடியே சொன்னாள். அட்டைக் கட்டைக் கைமாற்றியதை, மிச்ச அட்டையைப் பார்க்காததை, அனுப்பு என்று அழுத்தியதை. இணைப்புக் கோளாறு என்று கையெழுத்துக்கு ஒரு கடிதம் தந்திருக்கிறார்கள், அது பொய் என்பதையும் சொன்னாள்.

அம்மா தன் சிவந்த கைகளைப் பார்த்தார். பிறகு பேசியபோது குரலில் முன்பிருந்த மரியாதை இல்லை. அது போனதில் டீச்சருக்கு மூச்சு கொஞ்சம் இலகுவாயிற்று.

“உங்களைத் திட்டணும்போல இருக்கு. வாய் வரலை. நாங்க ஆவியில வேகுறோம், புள்ளையை நாங்களா பார்த்துக்கிறோம்? உங்களை நம்பித்தான் விடுறோம்.”

“ஆமா.”

“அவ எந்திரிச்சதும் என்ன கேட்டா தெரியுமா? ‘என் அட்டை யாருகிட்ட இருக்கு?’ன்னு கேட்டா.”

டீச்சர் பையிலிருந்து எடுத்துக் காட்டினாள். அம்மா அதை வாங்கவில்லை.

“நீங்களே வச்சிருங்க. அவ திரும்பி வர அன்னிக்கு வாசல்ல நின்னு உங்க கையால கொடுங்க. அன்னிக்கு நீங்க அங்க நிக்கலைன்னா, அப்புறம் உங்களை நான் மன்னிக்கவே மாட்டேன்.”

“நிக்கிறேன்” என்றாள் டீச்சர். “இனி வாசலை விட்டு நகர மாட்டேன்.”

திங்களன்று வந்த அதிகாரியிடம் ஒரு படிவம் இருந்தது. காரணம் என்ற இடத்தில் மூன்று கட்டங்கள்: கருவிக் கோளாறு, ஆசிரியர் கவனக்குறைவு, மற்றவை. மற்றவைக்கு அரை வரி இடம் விட்டிருந்தார்கள். தலைமையாசிரியை சன்னலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

டீச்சர் கையெழுத்திடாத கடிதத்தை மேசையில் வைத்தாள். “கோளாறு ஒண்ணும் இல்லை சார். பார்க்காம அனுப்பினது நான்.” பிறகு பையிலிருந்து பதினோரு மஞ்சள் சீட்டுகளையும் எடுத்து, வகுப்பில் அட்டை பரப்புவதுபோல் வரிசையாகப் பரப்பினாள். ஒவ்வொன்றிலும் ஒரே பாடவேளை, ஒரே பெயர். “ஏன் பார்க்கலைங்கிறதையும் எழுதிக்கோங்க.”

அவர் சீட்டுகளை எண்ணிப் பார்த்தார். அவருக்கு மனதில் உறைத்தது போலத்தான் இருந்தது. “இதை எழுத இதுல இடம் இல்லையேம்மா” என்றார், வருத்தத்தோடு. “சரி, திரும்ப நடக்காம இருக்க என்ன செய்யணும்னு ஒரு கேள்வி இருக்கு. சொல்லுங்க.”

“காலையில முதல் அரை மணி நேரம் எந்த டீச்சர் கையிலயும் போன் இருக்கக்கூடாது, சீட்டு இருக்கக்கூடாது. அவங்க பிள்ளைங்க முகத்தைப் பார்க்கணும். வருகையைப் பத்து மணிக்கு அலுவலகத்துல யாராவது ஏத்தட்டும், நாங்க மிச்சம் யாருன்னு எழுதிக் கொடுக்கிறோம். அப்புறம், ஒழுங்கா வேலை செய்றவங்களுக்கு அதுக்குத் தண்டனையா இன்னொரு வேலை கொடுக்கிறதை நிறுத்தணும். அறிவியல் டீச்சர் அதனாலதான் போனாங்க. மொழிப்பாட சார் அதனாலதான் போனார். யாராவது அவங்களைக் கேட்டீங்களா? கடிகாரம் கொடுத்து அனுப்பினோம்.”

“சுருக்கமா சொல்லுங்கம்மா.”

“எங்களை வாசல்ல நிக்க விடுங்க சார்.”

அவர் ஏதோ எழுதினார். இரண்டாவது கட்டத்தில் குறி போட்டார். போகும்போது கதவருகே நின்று, “என் பொண்ணும் டீச்சராத்தான் இருந்தா. இப்ப இல்லை” என்றார். அதை எந்தக் கட்டத்திலும் எழுதவில்லை.

பத்து நாளில் உத்தரவு வந்தது. ஆசிரியைக்கு எழுத்துமூல எச்சரிக்கை. கூடவே எல்லாப் பள்ளிகளுக்கும் ஒரு சுற்றறிக்கை: மாணவர் பாதுகாப்பை உறுதிசெய்ய, வருகை இனி ஒன்பது பத்துக்கு அல்ல, ஒன்பது மணிக்கே ஏற வேண்டும். மதியம் மறுபடி ஒருமுறை. இரண்டு முறையும் வகுப்பின் புகைப்படத்தோடு.

வரலாற்று சார் அதைச் சத்தமாக வாசித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார்.

மணியக்கா வாசலில் நின்றார். கையில் சீட்டு. உள்ளே வரத் தயங்கினார். “நான் என்ன செய்ய டீச்சரம்மா? பெரிய மேடம் கொடுத்தாங்க.”

முதல் பாடவேளை. ஏழாம் வகுப்பு ‘இ’ பிரிவு.

அவள் தலைமையாசிரியை அறைக்குப் போனாள். “மேடம், அந்தம்மாவுக்கு வாக்குக் கொடுத்திருக்கேன்.”

“நீ கையெழுத்துப் போட்டிருந்தா நானும் என் வாக்கைக் காப்பாத்தியிருப்பேன். இப்ப சுற்றறிக்கையைப் பார்த்தியா? படம் ஏத்தக் கணினி அறைக்கு ரெண்டு டீச்சரை எடுத்துட்டாங்க. என்கிட்ட ஆள் எங்க?” தலைமையாசிரியையின் கண் கலங்கியிருந்தது. கோபத்தாலா வேறெதனாலா என்று தெரியவில்லை. “தும்பி வர அன்னிக்கு ஒரு நாள் நின்னுக்கோயேன். யாரு வேண்டாம்னா?”

ஒரு நாள் நின்று அட்டையைக் கொடுக்கலாம். பார்க்கிறவர்களுக்கு நன்றாக இருக்கும். மறுநாள் அதே நடுக்கதவு, அதே கைமாறும் கட்டு. அடுத்து எந்த எண் துணிக்கடியில் கிடக்கும் என்று அவளுக்குத் தெரியாது. கிடக்கும் என்பது மட்டும் தெரியும். பாதி உடைந்த பலகையில் ‘பத்திரமாக நடக்கலாம்’ என்று எழுதி வைப்பதுதான் இனி அவள் அங்கே நிற்பது.

அன்றே ராஜினாமா எழுதிக் கொடுத்தாள். மாதக் கடைசியில் நடுவில் உட்காரவைத்துப் படம் எடுத்தார்கள். கடிகாரத்தை அவள் ஆசிரியர் அறைச் சுவரிலேயே மாட்டிவிட்டு வந்தாள்.

போவதற்கு முன் மருத்துவமனைக்குப் போய் அதையும் சொன்னாள். தும்பியின் அம்மா கேட்டுக்கொண்டார். “அப்ப நிக்க மாட்டீங்க” என்றார். அவ்வளவுதான். மன்னித்தேன் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. தும்பியிடம் அட்டையைக் கொடுத்தபோது அவள் கணக்கைப் பார்த்துவிட்டு, “இது ரொம்ப லேசு டீச்சர். நாளைக்குக் கஷ்டமா போடுங்க” என்றாள்.

அறிவியல் டீச்சர்தான் மருந்துக் கிடங்கில் வேலை வாங்கிக் கொடுத்தாள். வந்து இறங்கும் பெட்டிகளைச் சரிபார்க்க வேண்டும். அங்கே ஒரு பெட்டி குறைந்தாலும் இயந்திரம் கத்தும். வண்டியை நிறுத்திவிட்டு எல்லோரும் அந்த ஒரு பெட்டியைத் தேடுவார்கள். கிடைக்கும் வரை வண்டி நகராது. முதல் தடவை அதைப் பார்த்தபோது அவள் அலமாரிகளுக்குப் பின்னால் போய்க் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தாள். ஐந்து மணிக்கெல்லாம் வீடு. மகளின் கணக்குப் புத்தகத்தைக் கேட்டாள். “இப்ப எதுக்கும்மா?” என்று சொல்லிவிட்டு அறைக்குப் போய்விட்டாள் மகள். கணவர் மடங்கிய அட்டைகளைக் கொண்டுவருவதை நிறுத்தவில்லை. அவை அலமாரியின் மேல் சேர்ந்துகொண்டிருந்தன.

நான்கு மாதம் கழித்து, ஒரு மதிய இடைவேளையில், வரலாற்று சாரிடமிருந்து போன் வந்தது.

“டீச்சர், இன்னிக்குத் தும்பி வந்துட்டா. ஒரு கட்டை வச்சுக்கிட்டு. காலுக்கு ஏதோ பட்டை கட்டியிருக்காங்க. நல்லாத்தான் நடக்கிறா.”

“உள்ளே போயிட்டாளா?”

“போயிட்டா.” “வாசல்ல ஒரு நிமிஷம் நின்னா. பழக்கம் பாருங்க, கையை நீட்டிக்கிட்டு நின்னா. அப்புறம் போயிட்டா.”

கிடங்கின் மறுகோடியில் ஒரு வண்டி பின்னால் வந்துகொண்டிருந்தது. அது நின்றதும் கேட்டாள்.

“நீங்க கொஞ்சம் அங்க நின்னிருக்கலாமே சார்.”

“நிக்கத்தான் நினைச்சேன் டீச்சர்” என்றார் அவர். அந்தக் குரலில் எப்போதும் இருக்கும் சிரிப்பு இல்லை. “எனக்கு ரெண்டு மஞ்சக் கடுதாசி.”